பொடி விழிக்க மூன்று மணி நேரம்

வேதியியல் ஆராய்ச்சிக்கூடத்தின் கழுவும் அறையில், நூற்றுக்கும் மேற்பட்ட கண்ணாடிக் குடுவைகளுக்கு நடுவே உட்கார்ந்து ஒரு அம்மாள் அழுதுகொண்டிருந்தாள். அழுதுகொண்டே ஒவ்வொரு குடுவையாகத் துடைத்து அடுக்கிக்கொண்டும் இருந்தாள் என்பதுதான் விசேஷம்.

"ஒண்ணு அழுங்க, இல்லன்னா துடைங்க. ரெண்டும் சேர்ந்தா குடுவை எப்பக் காயும்?" என்றான் கொழுந்தன்.

அண்ணி திரும்பி அவனை ஒரு பார்வை பார்த்தாள். எட்டு வருஷமாக அந்தப் பார்வையை வாங்கி வாங்கி அவனுக்குத் தோல் தடித்துவிட்டது.

அண்ணி என்றால் நியாயப்படி அவன் ஒருவனுக்குத்தான் அண்ணி, அண்ணன் மனைவி. ஆனால் துப்பறியும் ஆபீஸ் திறந்த நாளிலிருந்து அவன் வாய் ஓயாமல் அண்ணி, அண்ணி என்று கூப்பிட்டதில் துப்பு கேட்டு வந்த கட்சிக்காரர்களும் அப்படியே கூப்பிட ஆரம்பித்தார்கள். பிறகு இன்ஸ்பெக்டர். போன மாதம் கையும் களவுமாகப் பிடிபட்ட ஒரு திருடன்கூட, "தெரியாமப் பண்ணிட்டேன் அண்ணி" என்று காலில் விழுந்தான். கொழுந்தனோ தன் விசிட்டிங் கார்டில் 'துணைத் துப்பறிவாளர்' என்று கொட்டை எழுத்தில் அச்சடித்து வைத்திருக்கிறான். அதைப் படித்தவர்கள் இதுவரை இரண்டு பேர். ஒருவர் அச்சகக்காரர்.

"முதல்லேருந்து சொல்லுங்க," என்றாள் அண்ணி, ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து.

அவர்களைப் போன் போட்டு வரவழைத்த அட்டெண்டரம்மா மூக்கை உறிஞ்சினாள். "நாலு மணிக்கு இயக்குநரம்மா ரூம்ல விசாரணை. விசாரணைன்னு பேருதான். வேலைய விட்டு எடுக்கிற ஆர்டரை இப்பவே டைப் அடிச்சாச்சு. கிளார்க் என்கிட்டயே கொண்டுவந்து காட்டி, விலாசம் சரியா இருக்கான்னு பாத்துடுங்கன்னு கேக்கறார் அண்ணி."

"சரியா இருந்துச்சா?" என்றான் கொழுந்தன்.

"தம்பி, வாயை மூடு," என்ற அண்ணி அட்டெண்டரம்மா பக்கம் திரும்பினாள். "போன்ல என்னமோ காணோம்னீங்களே, என்ன அது?"

"பொடி. அந்த ஆராய்ச்சிப் பொண்ணு ரெண்டு வருஷம் மாங்கு மாங்குன்னு செஞ்ச வினையூக்கிப் பொடி. ப்ரவுன் பாட்டில்ல, அலமாரிக்குள்ள இருந்துச்சு. நாளைக்கு அதை வெச்சுப் பெரிய மனுஷங்க முன்னாடி ஏதோ செஞ்சு காட்டப் போறாங்க. இன்னிக்குப் பதினொன்றரைக்குப் பாத்தா அலமாரி காலி. பாட்டில் மட்டும் என் அலமாரில, கழுவிக் கவுத்து வெச்சிருக்கு."

"கழுவினது யாரு?"

"நான்தான். இதோ இந்தத் தட்டுல காலி பாட்டில் வெச்சா, கழுவுன்னு அர்த்தம். பதினோரு வருஷமா இங்க அதான் வழக்கம். காலையில தட்டுல இருந்துச்சு. பொடிய வேற டப்பாவுக்கு மாத்திட்டாங்க போலன்னு கழுவிட்டேன். ப்ரொபசர் வந்தார். பொடிய எங்க வித்தேன்னு கேட்டார் அண்ணி. வராந்தா முழுக்கக் கேக்கற மாதிரி கேட்டார். ஒவ்வொரு கதவாப் போய் எல்லார்கிட்டயும் என்னைப் பத்தி விசாரிச்சார். நாளைக்கு நான் எந்த லேபுக்குப் போய் வேலை கேட்டாலும், 'ஓ, அந்தம்மாவா'ன்னுதானே சொல்லுவாங்க?"

இதைச் சொன்னபோது அவள் அழவில்லை. அதனாலேயே அடுத்து சொல்ல வைத்திருந்த ஜோக்கைக் கொழுந்தன் விழுங்கிவிட்டான்.

"திட்டும்போது வேற ஏதாவது நடந்துச்சா?" என்றாள் அண்ணி.

"என்ன நடக்கும்? நடுவுல பன்னெண்டரைக்கு அவர் கைக்கடிகாரம் கீச்கீச்சுனு கத்துச்சு. மனுஷன் பேயறைஞ்ச மாதிரி ஆயிட்டார். அப்படியே விட்டுட்டு ஓடினார். பத்து நிமிஷத்துல திரும்பி வந்து, விட்ட எடத்துலேருந்து திட்டினார்."

"திட்டுக்கே இடைவேளை விட்ட ஒரே ஆள் இவராத்தான் இருப்பார்," என்றான் கொழுந்தன்.

அண்ணி எழுந்தாள். மணி இரண்டரை.

வராந்தாவில் முதல் கதவு ஸ்டோர். ஸ்டோர் கீப்பர் சாட்சி சொல்ல ஏற்கெனவே தயாராகத் தொண்டையைச் செருமி வைத்திருந்தார்.

"இந்த ரெண்டு கண்ணால பாத்தேன் அண்ணி. ப்ரவுன் பாட்டில், சிவப்பு மூடி. கோட்டுக்குள்ள மறைச்சு எடுத்துட்டுப் போச்சு அந்தம்மா."

"கோட்டுக்குள்ள மறைச்சிருந்தா மூடி சிவப்புன்னு எப்படித் தெரிஞ்சுது?" என்றான் கொழுந்தன்.

ஸ்டோர் கீப்பர் கொஞ்சம் யோசித்தார். "கோட்டு ஒரு நிமிஷம் விலகிச்சு."

ஆறாவது கதவு ஆபீஸ். கிளார்க் நிமிர்ந்துகூடப் பார்க்காமல், "ப்ரவுன் பாட்டில், சிவப்பு மூடி, கோட்டுக்குள்ள," என்றார். மனப்பாடப் பகுதியை ஒப்பிக்கும் பையன் தோற்றான்.

"ப்ரொபசர் உங்ககிட்ட எப்படிக் கேட்டார்? அதே வார்த்தையில சொல்லுங்க," என்றாள் அண்ணி.

"'ப்ரவுன் பாட்டில், சிவப்பு மூடி, அந்தம்மா கோட்டுக்குள்ள மறைச்சு எடுத்துட்டுப் போனதைப் பாத்தீங்களா'ன்னு கேட்டார். கேட்ட உடனே எனக்கு ஞாபகம் வந்துடுச்சு."

"அவர் கேக்கறதுக்கு முன்னாடி?"

"கேட்டாத்தானே அண்ணி ஞாபகம் வரும்?" என்றார் கிளார்க், இது தெரியாமல் எப்படித் துப்பறிகிறார்கள் என்ற முகத்தோடு.

இயக்குநரம்மா கீழ்த்தளத்தில் மூளை ஆராய்ச்சிப் பிரிவில் இருந்தார். ஆராய்ச்சிக் கூடத்துக்கே தலைவி என்றாலும் சொந்த ஆராய்ச்சியை விடாதவர். சோதனைக்கு வரவேண்டிய ஆள் வராத கடுப்பில் இருந்தவர், வாசலில் கொழுந்தனின் தலையைப் பார்த்ததும் முகம் மலர்ந்தார்.

"நல்ல பெரிய தலை. உக்காருங்க."

அடுத்த ஐந்து நிமிடத்தில் அவன் மண்டையில் ஒயர்கள் தொங்கும் ரப்பர் தொப்பி ஒன்று ஏறிவிட்டது. எதிரே ஒரு தட்டில் ஆறு பிஸ்கட்.

"எப்பத் தோணுதோ அப்ப ஒண்ணு எடுங்க. நான் சொல்ல மாட்டேன். நீங்களா எடுக்கணும்," என்றார் இயக்குநரம்மா.

இப்படி ஒரு வேலை உலகத்தில் இருப்பது தெரியாமல் துப்பறிய வந்துவிட்டோமே என்று கொழுந்தன் வருத்தப்பட்டான். அவன் முதல் பிஸ்கட்டை எடுத்தபோது திரையில் ஒரு கோடு மலை ஏறி இறங்கியது.

"கவனிச்சீங்களா? கை நகர்றதுக்கு முன்னாடியே கோடு ஏறிடுச்சு. கைக்கு உத்தரவு வர்றதுக்கு முன்னாலயே மூளை கிளம்பித் தயாராயிடுது."

"என் மூளை எனக்குத் தெரியாம வேலை செய்யுதா?" என்றான் கொழுந்தன், வாயில் பிஸ்கட்டோடு.

"உனக்குத் தெரிஞ்சு அது செஞ்சதே இல்லையே," என்றாள் அண்ணி.

ஆறு பிஸ்கட்டுக்கும் கோடு ஆறு முறை ஏறியது. பிறகு படுத்துவிட்டது.

"இப்ப ஏன் ஏறல?" என்று அண்ணி கேட்டாள்.

"தட்டு காலின்னு அவருக்குத் தெரியும். எடுக்க ஒண்ணுமில்லைன்னு தெரிஞ்சா மூளை எதுக்குக் கிளம்பும்?"

அண்ணி அந்தப் படுத்த கோட்டையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். "இன்னொரு சந்தேகம் மேடம். ஒருத்தர்கிட்ட 'சிவப்பு மூடி, சிவப்பு மூடி'ன்னு முதல்லயே சொல்லிட்டுக் கேட்டா?"

"கேக்கவே வேண்டாம். அதைச் சேர்ந்த நினைப்பெல்லாம் பாதி எழுந்து உக்காந்துடும். லேசாத் தொட்டாலே மீதியும் எழுந்துக்கும். பாத்ததா, கேட்டதான்னு அவருக்கே தெரியாது. முன்தூண்டல்னு சொல்லுவோம்."

"நாங்க உசுப்பேத்தி விடுறதுன்னு சொல்லுவோம்," என்றான் கொழுந்தன்.

"உங்க பேரே நல்லா இருக்கு," என்று சிரித்த இயக்குநரம்மா, சட்டென்று சிரிப்பை நிறுத்தினார். "எனக்கு அந்தம்மா மேல எந்தக் கோபமும் இல்லை. ஆனா ரெண்டு பேர் கையெழுத்துப் போட்டுச் சாட்சி குடுத்திருக்காங்க. பொடி எங்கேன்னும் தெரியல. நாலு மணிக்குள்ள நீங்க எதாவது சொன்னாத்தான் உண்டு. இல்லைன்னா நான் கையெழுத்துப் போட்டே ஆகணும்."

மாடி ஏறும்போது கொழுந்தன் தலையைத் தடவிக்கொண்டான். தொப்பி விட்ட வட்ட வட்டமான அச்சு நெற்றி முழுக்க இருந்தது.

ஆராய்ச்சி மாணவி காலியான அலமாரிக்கு முன்னால், அதிலிருந்து பொடி தானாக முளைக்கும் என்பதுபோல உட்கார்ந்திருந்தாள்.

"அட்டெண்டரம்மா எடுத்திருக்க மாட்டாங்க. அந்தப் பொடியால யாருக்கும் பிரயோஜனம் இல்லைங்க. அது இப்பத் தூங்குது," என்றாள்.

"பொடி தூங்குமா?" என்றான் கொழுந்தன்.

"நாங்க அப்படித்தான் சொல்லுவோம். உலையில குழாய்க்குள்ள வெச்சு, சூடேத்தி, மேல ஹைட்ரஜன் வாயு விடணும். சரியா மூணு மணி நேரம். அப்பத்தான் முழிச்சுக்கும். எழுப்பாமப் போட்டா வெறும் மண்ணு. மூணு மணி நேரத்துக்கு மேல விட்டா தீஞ்சு கட்டியாயிடும், அதுக்கப்புறம் எதுக்கும் ஆகாது. நேரத்துக்கு நிறுத்திட்டா, குழாய மூடி நாள் கணக்கா வெச்சுக்கலாம்."

"எப்ப எழுப்புறதா இருந்துச்சு?"

"நாளைக்குக் காலையில. ப்ரொபசர் ஒரு வாரமா அதே பேச்சு. சாப்பிடும்போதுகூட 'கொட்டணும், மூடணும், அலாரம் வெக்கணும்'னு காத்துல கையால செஞ்சு காட்டிட்டிருக்கார்."

"பாட்டில் மூடி என்ன கலர்?"

"சிவப்பு. இல்ல, இல்ல. நேத்து சாயங்காலம் அது விரிசல் விட்டுடுச்சு. நான்தான் வெள்ளை மாத்தினேன். யார்கிட்டயும் சொல்லல. மூடி விஷயத்தை யார்கிட்டப் போய்ச் சொல்றது?"

கொழுந்தன் துள்ளினான். காலையில் எவரும் சிவப்பு மூடியைப் பார்த்திருக்கவே முடியாது. இரண்டு சாட்சியும் காற்றில் பறந்தது. அண்ணியோ துள்ளவில்லை.

"உலை ரூம் சாவி யார்கிட்ட இருக்கு?"

"ரெண்டு சாவி. ஒண்ணு ப்ரொபசர்கிட்ட, ஒண்ணு என்கிட்ட. நான் இன்னிக்கு அந்தப் பக்கமே போகல." மாணவி சாவியைக் கழற்றிக் கொடுத்துவிட்டு மறுபடியும் அலமாரியைப் பார்க்கத் தொடங்கினாள்.

அண்ணி அவனை ஆறு பிஸ்கட்டையும் தின்றதற்குத் தண்டனையாகக் கழுவும் அறைக்கு அனுப்பி, அந்த பாட்டிலையும் மூடியையும் எடுத்துவரச் சொன்னாள். அவன் திரும்பி வந்தபோது அவள் உலை அறையைப் பூட்டிக்கொண்டிருந்தாள்.

"உலை எப்படி இருக்கு அண்ணி?"

"ஆறிக் கிடக்கு."

"அப்ப அங்க ஒண்ணுமில்ல."

"ஆறிக் கிடக்கறதுதான் தம்பி விஷயமே."

"புரியல."

"புரியாம இருக்கற வரைக்கும் உன் முகம் நிஜமா இருக்கும். நாலு மணிக்கு எனக்கு அந்த முகம் வேணும்."

அவனுக்கு ரோஷம் வந்தது. "நான் சொல்றதை எழுதி வெச்சுக்கங்க. பொடிய எடுத்தது அந்தப் பொண்ணுதான். சாவிய இப்படித் தூக்கிக் குடுக்கறாளே, அதுவே நடிப்பு."

அண்ணி எழுதி வைத்துக்கொள்ளவில்லை.

நான்கு மணி. நீள மேசையின் தலைப்பில் இயக்குநரம்மா. அவர் முன்னால் டைப் அடித்த ஆர்டர், அதன்மேல் பேனா. வலப்பக்கம் ப்ரொபசர், கழுத்துப் பட்டையை ஒரு முறைக்கு இரண்டு முறை சரிசெய்துகொண்டு. எதிரே மாணவி. நாற்காலி இருந்தும் உட்காராமல் சுவரோரமாக அட்டெண்டரம்மா. கொழுந்தன் கையில் யாரோ கொடுத்த டீ இருந்தது.

அண்ணி வெள்ளை மூடி போட்ட பாட்டிலை மேசையில் வைத்து விஷயத்தை நாலே வாக்கியத்தில் சொன்னாள். சாட்சிகள் பார்த்தது பாட்டிலை அல்ல, ப்ரொபசரின் கேள்வியை. இயக்குநரம்மா மெல்லத் தலையாட்டினார்.

"மூடி எந்தக் கலரா இருந்தா என்ன?" என்று ப்ரொபசர் மேசையைத் தட்டினார். "இருக்கட்டும், சாட்சி தப்பு. பொடி எங்கே? பொடி வந்தாத்தான் நான் இந்தம்மாவை நம்புவேன்!"

அண்ணி சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். முகம் மாறியது. நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தாள்.

"ஐயையோ, பேசிப் பேசி நேரம் போயிடுச்சே! பொடி உலையில இருக்கு! காலையிலேருந்து எரிஞ்சுட்டிருக்கு! இப்ப ஓடினா பாதியாவது மிஞ்சும்!"

அடுத்த நொடியில் அறை அமளிதுமளிப்பட்டது. மாணவி "அம்மா!" என்று அலறிக்கொண்டு மேசையைச் சுற்றாமல் மேசைமேலேயே ஏறிக் குதித்தாள். அவளுக்கும் முன்னால் கதவை எட்டியது அட்டெண்டரம்மா. வேலை போகப்போகிற லேபுக்காக அந்த ஓட்டம் ஓடினாள் மகராசி. இயக்குநரம்மா பாதி எழுந்துவிட்டார். கொழுந்தன் எழுந்த வேகத்தில் டீ முழுவதும் அவன் மடியில். உலை எந்தத் திசையில் இருக்கிறது என்பதே மறந்துபோய் ஜன்னலை நோக்கி ஓடினான்.

"நில்லுங்க," என்றாள் அண்ணி, சாதாரணக் குரலில். "உலையை நிறுத்தி மூணரை மணி நேரமாச்சு. பொடி குழாய்க்குள்ள பத்திரமா இருக்கு. நான் பாத்துட்டேன்."

எல்லோரும் நின்ற இடத்தில் நின்றார்கள். அப்போதுதான் கொழுந்தன் கவனித்தான். அறையில் ஒரே ஒருவர் இருந்த இடத்தை விட்டு அசையவில்லை. கழுத்துப் பட்டைமேல் வைத்த கைகூட அப்படியே இருந்தது.

"ப்ரொபசர் சார், பொடி எரியுதுன்னு சொன்னா உங்களுக்குத்தானே முதல்ல பதறணும்? நாளைக்கு உங்க மானம் மரியாதை எல்லாம் அதுலதானே இருக்கு? டீயக் கொட்டிக்கிட்டு என் கொழுந்தன் ஓடறான். அவனுக்கும் பொடிக்கும் என்ன சம்பந்தம்?"

"நான்... நான் யோசிச்சுட்டிருந்தேன்."

"இல்லை," என்றார் இயக்குநரம்மா மெதுவாக. "தட்டு காலின்னு உங்களுக்குத் தெரியும்."

ப்ரொபசருக்கு அது புரியவில்லை. கொழுந்தனுக்குப் புரிந்தது. ஈரக் கால்சட்டையோடு அவன் உட்கார்ந்துவிட்டான்.

"யாருக்கும் தெரியாம உலையில கிடந்திருந்தா பொடி பன்னெண்டரைக்கு மேல தீஞ்சிருக்கணும்," என்றாள் அண்ணி. "தீயல. யாரோ சரியான நேரத்துக்குப் போய் நிறுத்தியிருக்காங்க. சாவி ரெண்டு பேர்கிட்ட. அதுல ஒரு ஆள் இப்ப மேசைமேல ஏறிக் குதிச்சுது. இன்னொரு ஆளோட கைக்கடிகாரம் பன்னெண்டரைக்குக் கத்துச்சு. மூணு மணி நேரம் பின்னாடி போனா ஒன்பதரை. ஒன்பதரைக்கு நீங்க எங்க சார் இருந்தீங்க?"

ப்ரொபசர் கழுத்துப் பட்டையை அவிழ்த்துவிட்டார். அவிழ்த்ததும் ஆள் பாதியாகத் தெரிந்தார்.

"சத்தியமா எனக்குத் தெரியாதும்மா. ஒரு வாரமா மனசுக்குள்ள அதையே செஞ்சு செஞ்சு பாத்துட்டிருந்தேன். காலையில வந்தேன், கை அதுபாட்டுக்குச் செஞ்சிருக்கு. கொட்டியிருக்கேன், காலி பாட்டிலைத் தட்டுல வெச்சிருக்கேன், அலாரமும் வெச்சிருக்கேன். நாளைக்குச் செய்ய வேண்டியதை இன்னிக்கே செஞ்சுட்டேன்னு எனக்கே தெரியல. அலமாரி காலின்னதும் நிஜமாவே திருட்டுன்னுதான் நெனச்சேன். அலாரம் அடிச்சப்பத்தான்..."

"அலாரம் அடிச்சப்பத் தெரிஞ்சுது." அட்டெண்டரம்மா கதவருகிலிருந்து பேசினாள். "ஓடிப் போய் நிறுத்திட்டு வந்தீங்க. தெரிஞ்சுகிட்டு வந்துதான் சார் மறுபடியும் என்னைத் திட்டினீங்க."

"அதுக்குள்ள ரெண்டு பேர் பாத்தேன்னு சொல்லிட்டாங்க. வராந்தா முழுக்கத் தெரிஞ்சுபோச்சு. அப்புறம் எப்படி நான்... சாயங்காலம் எல்லாரும் போனப்புறம் பொடி தானாக் கெடச்ச மாதிரி..."

"நான் போனப்புறம்," என்றாள் அவள்.

 மறதி என்றால் மன்னித்துவிடலாம். அந்தப் பத்து நிமிடத்துக்குப் பிறகும் திட்டியதை எப்படி மன்னிப்பது என்று கொழுந்தனுக்குத் தெரியவில்லை. அவனுக்கு நிஜமாகவே கோபம் வந்தது. இயக்குநரம்மா ஆர்டரை எடுத்து நான்காகக் கிழித்தார்.

"உங்க மேல என்ன நடவடிக்கைன்னு நாளைக்கு நான் சொல்றேன் ப்ரொபசர். முதல்ல இந்தம்மாகிட்ட மன்னிப்புக் கேளுங்க."

ப்ரொபசர் எழுந்து, தலையைக் குனிந்து, தனக்கே கேட்காத குரலில், "மன்னிச்சுடும்மா," என்றார்.

"இங்க வேண்டாம் சார். திருடின்னு என்னைச் சொன்னது இந்த ரூம்லயா? வராந்தாவுல பதினாலு கதவு இருக்கு. ஒவ்வொண்ணாப் போய்ச் சொன்னீங்க. அதே மாதிரி ஒவ்வொண்ணாப் போய்ச் சொல்லுங்க. குரலையும் குறைக்கக் கூடாது. நான் கூட வர்றேன்."

ப்ரொபசர் இயக்குநரம்மாவைப் பார்த்தார். இயக்குநரம்மா கதவைத் திறந்து பிடித்துக்கொண்டார்.

வராந்தாவில் அவர் முன்னால் போக, அட்டெண்டரம்மா இரண்டடி பின்னால் போனாள். அவர்களுக்குப் பின்னால் அண்ணி, மாணவி, நனைந்த கால்சட்டையைப் பிடித்தபடி கொழுந்தன். முதல் கதவு ஸ்டோர். ஸ்டோர் கீப்பர் எழுந்து நின்றார்.

"அந்த பாட்டிலை எடுத்தது இந்தம்மா இல்லை," என்றார் ப்ரொபசர், சுவர்கள் எதிரொலிக்க. "நான்தான் எடுத்தேன்."

"அதைத்தானே சார் நானும் சொல்றேன்!" என்றார் ஸ்டோர் கீப்பர் முகமெல்லாம் மலர. "இந்த ரெண்டு கண்ணால பாத்தேன். ப்ரவுன் பாட்டில், சிவப்பு மூடி. உங்க கோட்டுக்குள்ள மறைச்சு எடுத்துட்டுப் போனீங்க."

 அட்டெண்டரம்மாவுக்குச் சிரிப்பு பீறிட்டுக்கொண்டு வந்தது. காலையிலிருந்து தேங்கியதெல்லாம் சேர்ந்து வந்ததால் அது பாதி அழுகையாகவும் இருந்தது. கவுன்ட்டரைப் பிடித்துக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். பிறகு கோட்டு நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"சார், அடுத்த கதவு," என்றாள்.